மில்ஃபெய்: ஆயிரம் அடுக்கா, ஆயிரம் ஏடா?

மொறுமொறுவென்று மூன்று தகடுகள், அவற்றின் நடுவே இரண்டு வரிசை கெட்டியான கஸ்டர்டு, மேலே வெள்ளைச் சர்க்கரைப் பூச்சில் சாக்லேட் கோடுகள். பிரான்ஸின் பேக்கரிக் கண்ணாடிப் பெட்டிகளில் தவறாமல் இருக்கும் இந்த இனிப்புக்குப் பெயர் மில்ஃபெய். எழுத்தை மட்டும் பார்த்து ‘மில்லி ஃபியூல்’ என்று வாசிப்பவர்கள் உண்டு. பிரெஞ்சில் அது ‘மில்-ஃபெய்’. அந்த ‘ஃபெ’யைச் சொல்லும்போது உதடு கொஞ்சம் குவியும், அவ்வளவுதான். தமிழில் சொல்ல வேண்டி வந்தால் ‘ஆயிரம் அடுக்கு கேக்’ என்று சொல்லிவிடத் தோன்றும். எனக்கு அதில் உடன்பாடில்லை. அது கேக்கும் இல்லை, அந்தப் பெயரில் அடுக்கும் இல்லை.

‘மில்’ என்றால் ஆயிரம். ‘ஃபெய்’ என்றால் இலை. இரண்டும் லத்தீனிலிருந்து வந்தவை: மில்லே, ஃபோலியும். மரத்து இலையைக் குறித்த ‘ஃபெய்’ பிறகு காகிதத் தாளையும், செய்தித்தாளையும் குறிக்கத் தொடங்கியது. ஆங்கிலம் வழியாக நம் சமையலறைக்கு வந்து சப்பாத்தியைச் சுற்றிக்கொண்டிருக்கும் அலுமினிய ‘ஃபாயில்’ கூட அந்த ஃபோலியும் வழி வந்த சொல்தான். பக்கத்து மொழிக்காரர்கள் இந்த இலையை விடாமல் பிடித்துக்கொண்டார்கள். இத்தாலியில் இது மில்லெஃபோல்யே, ஸ்பெயினில் மில்ஓஹாஸ். இரண்டுக்குமே ‘ஆயிரம் இலை’ என்றுதான் பொருள்.

ஆயிரம் என்ற எண்ணிக்கை உண்மையா? மாவைப் பிசைந்து விரித்து, நடுவில் பலகைபோல் தட்டிய வெண்ணெயை வைத்து மூடி, நீளமாகத் தேய்த்து மூன்றாக மடிப்பார்கள். பிறகு திருப்பி வைத்து மறுபடி தேய்த்து, மறுபடி மூன்றாக மடிப்பார்கள். பழைய முறைப்படி இப்படி ஆறு மடிப்பு. ஒவ்வொரு மடிப்பிலும் வெண்ணெய்ப் படலம் மூன்று மடங்காகும்: 3, 9, 27, 81, 243, 729. ஆக ஒரு தகட்டில் 729 வெண்ணெய்ப் படலங்கள். மூன்று தகடுகளையும் கூட்டினால் இரண்டாயிரத்தைத் தாண்டிவிடும். கணக்கு எப்படிப் போட்டாலும் சரியாக ஆயிரம் வராது, வர வேண்டியதும் இல்லை. மதுரை மீனாட்சியம்மன் கோயிலின் ஆயிரங்கால் மண்டபத்தில் இருப்பவை 985 தூண்கள். யாரும் பெயரை மாற்றச் சொன்னதில்லை.

பெயர் பழையது, ஆனால் உள்ளே இருந்த பொருள் வேறு. 1733இல் வின்சென்ட் லா ஷாப்பேல் என்ற பிரெஞ்சு சமையற்கலைஞர் ஆங்கிலத்தில் வெளியிட்ட சமையல் நூலில் இந்தப் பெயர் வருகிறது. அந்தக் காலத்து மில்ஃபெய்யில் தகடுகளுக்கு நடுவே பழ ஜாம்தான் இருந்தது. க்ரீம் பிறகு வந்து இடத்தைப் பிடித்துக்கொண்டது. அமெரிக்காவில் இதற்கு ‘நெப்போலியன்’ என்று பெயர். பேரரசருக்கும் இதற்கும் சம்பந்தம் இல்லை. நேப்பிள்ஸ் நகரைக் குறிக்கும் ‘நாபொலித்தேன்’ என்ற சொல் மருவி அப்படி ஆனது என்பதே பரவலான கருத்து. ரஷ்யாவிலும் நெப்போலியன் என்றே ஒரு கேக் உண்டு. நிறைய மெல்லிய தகடுகளை அடுக்கி, க்ரீமில் ஊறி மெத்தென்று ஆகும்வரை வைத்துச் சாப்பிடுவார்கள். பிரெஞ்சுக்காரர் விரும்புவது இதற்கு நேரெதிர்: கரண்டி பட்டதும் தகடு நொறுங்க வேண்டும்.

கஸ்டர்டு என்ற சொல்லின் கதையும் கேட்க வேண்டியது. பிரெஞ்சுக்காரர் இந்த க்ரீமை கஸ்டர்டு என்று சொல்வதில்லை. அவர்களுக்கு இது ‘க்ரெம் பாத்திஸ்யேர்’, அதாவது பேஸ்ட்ரி செய்பவரின் க்ரீம். ஊற்றிச் சாப்பிடும் நீர்த்த வகைக்கு ‘க்ரெம் ஆங்லேஸ்’, ஆங்கிலேய க்ரீம், என்று பெயர் வைத்திருக்கிறார்கள். ஆங்கிலத்தின் ‘கஸ்டர்டு’ பிறந்தது மேலோடு என்ற பொருள் கொண்ட பழைய பிரெஞ்சுச் சொல்லிலிருந்து. முதலில் மாவு ஓட்டுக்குள் பாலும் முட்டையும் ஊற்றிச் சுட்ட பண்டத்தைக் குறித்தது. காலப்போக்கில் ஓடு போய், உள்ளே இருந்ததே கஸ்டர்டு ஆகிவிட்டது. நம் கடைகளில் விற்கும் கஸ்டர்டு பவுடருக்கு முன்னோடி 1837இல் பர்மிங்ஹாமில் ஆல்ஃபிரட் பேர்ட் செய்தது. மனைவிக்கு முட்டை ஒத்துக்கொள்ளாததால் முட்டைக்குப் பதில் கார்ன்ஃப்ளாரை வைத்து அவர் கெட்டியாக்கினார். முட்டை சேர்க்காத வீடுகளில் அதையே கொஞ்சம் கெட்டியாகக் காய்ச்சி இதற்குப் பயன்படுத்தலாம்.

முட்டை சேர்ப்பவர்கள் அரை லிட்டர் பாலுக்கு 4 மஞ்சள் கரு, 100 கிராம் சர்க்கரை, 40 கிராம் கார்ன்ஃப்ளார், கொஞ்சம் வெனிலா என்று எடுத்துக்கொள்ளுங்கள். கருவையும் சர்க்கரையையும் மாவையும் அடித்து, சூடான பாலைக் கொஞ்சம் கொஞ்சமாக ஊற்றிக் கலக்கி, மறுபடி அடுப்பில் வைத்து விடாமல் கிளற வேண்டும். கெட்டியானதும் அடுப்பை அணைத்துவிடத் தோன்றும். அணைக்காதீர்கள். குமிழ் வெடித்துக் கொதித்த பிறகும் ஒரு நிமிடமாவது கிளறுங்கள். மஞ்சள் கருவில் உள்ள அமிலேஸ் என்ற நொதி மாவுச்சத்தைக் கரைத்துவிடும்; நன்றாகக் கொதித்தால்தான் அது செயலிழக்கும். இல்லையென்றால் இரவில் கெட்டியாக இருந்த க்ரீம் காலையில் நீர்த்துக் கிடக்கும். இறக்கியதும் ஒரு துண்டு வெண்ணெய் சேர்த்து, மேற்பரப்பைத் தொட்டபடி பிளாஸ்டிக் தாள் ஒட்டிவிட்டு ஆற விடுங்கள், மேலே ஏடு கட்டாது.

தகட்டுக்குக் கடையில் கிடைக்கும் உறைந்த பஃப் பேஸ்ட்ரி ஷீட்டே போதும். முட்கரண்டியால் முழுக்கக் குத்தி, மேலே இன்னொரு தட்டை வைத்து அமுக்கி 200 டிகிரி செல்சியஸில் சுட வேண்டும். மாவில் உள்ள நீர் ஆவியாகிப் படலங்களைத் தூக்கப் பார்க்கும். மேலே இருக்கும் தட்டு அதைச் சீராக அடக்கி வைக்கும். நன்றாகப் பொன்னிறமானதும் மேலே பொடித்த சர்க்கரையைத் தூவி, சூட்டைக் கூட்டிச் சில நிமிடம் வைத்தால் பளபளவென்று கண்ணாடிப் பூச்சு வரும். அந்தப் பூச்சு க்ரீமின் ஈரத்தைத் தகட்டுக்குள் சீக்கிரம் இறங்க விடாது. துண்டு போடுவதை க்ரீம் வைப்பதற்கு முன்பே, ரம்பப் பல் கத்தியால் முடித்துவிடுங்கள். அடுக்கிய அன்றே சாப்பிட வேண்டிய பண்டம் இது.

சரி, தமிழில் என்ன சொல்வது? சுட்ட தகட்டின் ஓரத்தைக் கிட்டத்தில் வைத்துப் பாருங்கள். இரண்டு வகை வரிசை தெரியும். தகடு, க்ரீம், தகடு, க்ரீம், தகடு என்று கையால் அடுக்கியது ஒன்று. ஒவ்வொரு தகட்டுக்குள்ளும் நகத்தால் பிரித்தால் உரிந்து வரும் மெல்லிய படலங்கள் இன்னொன்று. முதலாவது அடுக்கு, பெயரில் வரும் ‘ஃபெய்’ இரண்டாவது. அதற்குத் தமிழில் ஏடு என்ற சொல் இருக்கிறது. பனையோலை ஏடு, புத்தகத்தின் ஏடு, செய்தித்தாளான நாளேடு என்று ‘ஃபெய்’ போன வழியிலேயே இதுவும் போயிருக்கிறது. பூவின் இதழுக்கும் ஏடு என்று அகராதி பொருள் சொல்லும். போதாததற்குப் பாலேடு என்று சமையலறையிலும் புழங்குகிறது. இத்தனையும் சுமக்கும் சொல் கையில் இருக்க, வேறு தேட வேண்டாம்.

‘ஆயிரமேடு’ என்றால் மேட்டைச் சொல்வதுபோல் கேட்கும். அதனால் எண்ணை விட்டுவிட்டு ‘ஏட்டடுக்கு’ என்று சொல்லலாம் என்பது என் பரிந்துரை. ஏட்டுச்சுரைக்காய் என்று பழகிய காதுக்கு இது அந்நியமாக இருக்காது. ஏடு, அடுக்கு இரண்டுமே உள்ளே வந்துவிடுகின்றன. பஃப் பேஸ்ட்ரி மாவுக்குப் பிரெஞ்சில் ‘பாத் ஃபெய்தே’ என்று பெயர், ஏடேடாக ஆக்கிய மாவு. தமிழில் ‘ஏட்டு மாவு’ என்றால் பொருந்தும். நம் ஊர் முட்டை பப்ஸைக் கடித்தால் சட்டையில் உதிர்வதும் ஏட்டு மாவுதான், பெரும்பாலும் வெண்ணெய்க்குப் பதில் மார்ஜரின் போட்டது. கஸ்டர்டு எல்லோருக்கும் தெரிந்த சொல்லாகிவிட்டதால் அதை அப்படியே விட்டுவிடலாம்.

சில இடங்களில் ஏட்டடுக்கு பொருந்தாது. பிரெஞ்சில் இந்தச் சொல் இனிப்பைத் தாண்டிப் போய்விட்டது. கம்யூன் (ஊர் அளவிலான உள்ளாட்சி), கம்யூன்களின் கூட்டமைப்பு, மாவட்டம், மண்டலம் என்று ஒன்றன்மேல் ஒன்றாக இருக்கும் உள்ளாட்சி அமைப்பை ‘நிர்வாக மில்ஃபெய்’ என்று அங்கே குறை சொல்வார்கள். உணவகங்களில் கத்திரிக்காயையும் தக்காளியையும் வட்டமாக நறுக்கி அடுக்கிவிட்டு அதற்கும் மில்ஃபெய் என்று பெயர் வைக்கிறார்கள். அங்கெல்லாம் ஏடு எதுவும் இல்லை. வெறும் ‘அடுக்கு’ என்று எழுதினாலே சரியாக இருக்கும்.