மௌனப்படத்தின் வேகத்தை அணிவகுப்பை வைத்துக் கண்டுபிடிப்பது எப்படி?

1925இல் கார்ல் வில்ஹெல்ம் இயக்கிய ஜெர்மன் மௌனப்படம் 'கிரீக் இம் ஃபிரீடன்'. குஸ்டாவ் ஃபான் மோசரும் ஃபிரான்ஸ் ஃபான் ஷேன்தானும் எழுதிய ராணுவ நகைச்சுவை நாடகமே அதற்கு மூலம். இப்படி மேடையிலிருந்து திரைக்கு வந்த படங்களில் வசனம் எடுபடாது. ஒரு விநாடி தாமதித்து அடிக்கும் சல்யூட், கதவு திறந்ததும் விறைத்து நிற்கும் சிப்பாய் என்று உடம்புதான் சிரிப்பு மூட்ட வேண்டும். அதற்கு நேரம் பிசகக் கூடாது. ஆனால் எந்த வேகத்தில் ஓட்ட வேண்டும் என்பது படச்சுருளில் பதிவாகியிருக்காது.

பேசும் படம் வந்த பிறகுதான் நொடிக்கு 24 ஃபிரேம் (சுருளில் உள்ள தனித்தனிப் படம்) என்பது நிலைத்தது. அதற்கு முன் கேமராவைக் கையால் சுற்றினார்கள். ஒரு சுற்றுக்கு 8 ஃபிரேம். நொடிக்கு இரண்டு சுற்று என்றால் 16. 1920களில் 18, 20, 22 என்று ஏறிக்கொண்டே போனது. அக்கால ஜெர்மன் தணிக்கை அட்டைகளில் படத்தின் நீளம் மீட்டரில்தான் இருக்கும். 35 மி.மீ. சுருளில் ஒரு மீட்டருக்கு ஏறக்குறைய 52.5 ஃபிரேம். ஆகவே 2000 மீட்டர் படம் 18இல் 97 நிமிடம் ஓடும், 24இல் 73 நிமிடத்தில் முடிந்துவிடும்.

சரியான வேகத்தைக் கண்டுபிடிக்க ராணுவப் படங்களில் ஓர் அருமையான வழி உண்டு. ஜெர்மனியின் பிரஷ்ய ராணுவத்தின் நடை நிமிடத்துக்கு 114 காலடி. 20 காலடி வைக்க 10.5 நொடி ஆகும். அணிவகுப்புக் காட்சியில் ஒரே சிப்பாயின் காலைப் பார்த்து, 20 காலடிக்கு எத்தனை ஃபிரேம் என்று எண்ணி, 10.5ஆல் வகுக்க வேண்டும். எண்ணியது 189 ஃபிரேம் என்றால் வேகம் 18. 210 என்றால் 20. வரிசை தப்பி நடக்கும் கோமாளிக் கதாபாத்திரத்தை எண்ணக் கூடாது. பின்வரிசையில் ஒழுங்காக நடப்பவர்தான் நமக்கு வேண்டும்.

அணிவகுப்பே இல்லாத ரீலில் புவியீர்ப்பு கைகொடுக்கும். 1.2 மீட்டர் உயரத்திலிருந்து, அதாவது கிட்டத்தட்ட நெஞ்சளவிலிருந்து, நழுவும் பொருள் தரையைத் தொட அரை நொடி ஆகும். விழும் ஃபிரேம்களை எண்ணி இரண்டால் பெருக்கினால் வேகம். ஆனால் ஒரே ஒரு ஃபிரேம் தவறினாலும் விடையில் 2 பிசகும். எனவே பல விழுதல்களை எண்ணிச் சராசரி எடுப்பது நல்லது. பூட்ஸ், உடைவாள் போன்ற கனமான பொருளாக இருக்க வேண்டும். இறகு வைத்த தொப்பி காற்றில் தயங்கும். வீசி எறிந்த பொருளும் கணக்குக்கு உதவாது.

துரத்தல் காட்சிகளை வேண்டுமென்றே மெதுவாகச் சுற்றி எடுப்பதுண்டு, திரையில் விறுவிறுவென்று தெரிய. அவற்றை அளந்தால் எண் குறைவாகவே வரும். அதை வைத்து முழுப் படத்தின் வேகத்தைக் குறைத்தால் மற்ற காட்சிகள் இழுவையாகிவிடும். நிதானமான காட்சிகளை மட்டுமே அளக்க வேண்டும்.

18இல் எடுத்ததை அப்படியே 24இல் ஓட்டினால் நிமிடத்துக்கு 114 காலடி 152 ஆகிவிடும். அந்தக் குடுகுடு ஓட்டத்தைத்தான் பலர் மௌனப்படத்தின் இயல்பு என்று நம்பிவிட்டார்கள். நடிகர்களுக்கு இதைவிட அநியாயம் இல்லை. மூன்று ஃபிரேமுக்கு ஒன்றை இரண்டு முறை அச்சிட்டு 24 ஆக்கினால் வேகம் சரியாகும், ஆனால் அணிவகுப்பு வெட்டி வெட்டித் தெரியும். வேகத்தை மாற்றக்கூடிய புரொஜெக்டர் இருந்தால் அதுவே மேல். ரீலுக்கு ரீல் சுற்றிய வேகம் மாறியிருக்கலாம் என்பதால், ஒவ்வொரு ரீலையும் தனியாக எண்ணிப் பார்த்துவிட்டே ஓட்ட வேண்டும்.