கரண்டி நிற்கும் பட்டாணி சூப்

நெதர்லாந்துக்காரர்களுக்குக் குளிர்காலம் வந்தால் ஸ்னெர்ட் வேண்டும். உடைத்த பச்சைப் பட்டாணி, பன்றி இறைச்சி, லீக், கேரட், செலரிக் கிழங்கு எல்லாம் போட்டு மணிக்கணக்கில் காய்ச்சும் சூப் அது. நடுவில் கரண்டியைச் செருகினால் சாயாமல் நிற்க வேண்டும் என்பதுதான் அங்கே பதம். இத்தனைக்கும் மாவு எதையும் கரைத்து ஊற்றுவதில்லை. தண்ணீராகத் தொடங்கும் சூப் அவ்வளவு கெட்டியாவது எப்படி?

முதல் காரணம் பட்டாணி. தோல் நீக்கி உடைத்த பருப்பு என்பதால் தண்ணீர் உள்ளே இறங்கத் தடையில்லை, ஊறவைக்கக்கூட வேண்டாம். பருப்பின் செல்களை ஒன்றோடொன்று ஒட்டிப் பிடித்திருப்பது பெக்டின். சூட்டில் அது சிறுகச் சிறுக அறுந்து கரைய, செல்கள் தனித்தனியாகக் கழன்று வருகின்றன. பருப்பு மசிவது இப்படித்தான். செல்லுக்குள் இருக்கும் ஸ்டார்ச் மணிகள் 60, 70 டிகிரி செல்சியஸ் வாக்கிலேயே நீரை உறிஞ்சி உப்பத் தொடங்கும். அவற்றிலிருந்து அமைலோஸ் என்ற நீளமான மூலக்கூறும் கொஞ்சம் வெளியே கசியும். கழன்ற செல்களும் இந்த அமைலோஸும் சேர்ந்துதான் சூப்புக்கு உடம்பு தருகின்றன.

சில நேரம் எத்தனை மணி நேரம் அடுப்பில் வைத்தாலும் பருப்பு விறைப்பாகவே கிடக்கும். கடினத் தண்ணீரில் உள்ள கால்சியம் பெக்டினை இறுக்கிப் பிடித்துக்கொள்வது ஒரு காரணம். ரொம்ப நாள் கிடந்த பழைய பருப்பும் அப்படித்தான் அடம்பிடிக்கும். புளிப்பும் பெக்டின் கரைவதைத் தாமதப்படுத்தும். நம் சமையலில் பருப்பு வெந்த பிறகே புளி விடுவதற்கு நியாயம் இதில் இருக்கிறது. சோடா உப்பு போட்டால் சீக்கிரம் மசியும், உண்மைதான். ஆனால் பி1 வைட்டமின் அழிந்துபோகும், சோப்பு வாடையும் வரும். எனக்கு அது வேண்டாத வேலை.

அடுத்தது எலும்பு. சூப்புக்கு ஏற்றது ஹாமின், அதாவது உப்பிட்டுப் பதப்படுத்திய பன்றிக் காலின், கணுக்கால் பகுதி. சதை குறைவு, தோலும் தசைநாரும் அதிகம். அவற்றில் நிறைந்திருக்கும் கொலாஜன் புரதம் முப்புரியாக முறுக்கிய கயிறு போன்றது. நீண்ட நேரச் சூட்டில் முறுக்கு அவிழ்ந்து ஜெலட்டினாகி நீரில் கலக்கும். இதை அவசரப்படுத்த முடியாது. தீயைக் கூட்டினால் வேறொரு தொல்லையும் உண்டு. கெட்டியான சூப் பானைக்குள் சுழலாது. அடியில் உள்ளது அங்கேயே கிடந்து தீய்ந்துவிடும். ஸ்லோ குக்கர் சுற்றுச்சுவர் வழியாக மெல்லிய சூடு கொடுப்பதால் அந்தப் பயம் குறைவு. உப்பை மட்டும் கடைசியில் ருசி பார்த்துச் சேர்த்துக்கொள்ளுங்கள். ஹாமின் உப்பு முழுக்க இறங்க நேரமாகும்.

ஆறிய சூப் ஃபிரிட்ஜில் வெட்டியெடுக்கிற மாதிரி உறைந்துவிடும். ஜெலட்டின் உறைவது ஒரு பக்கம், அமைலோஸ் இழைகள் மறுபடி ஒன்றோடொன்று சேர்ந்து இறுகுவது இன்னொரு பக்கம். சூடுபடுத்தினால் ஜெலட்டின் உடனே உருகிவிடும். இறுகிய அமைலோஸ் 100 டிகிரியிலும் அசையாது. அதனால்தான் மறுநாள் கொஞ்சம் தண்ணீர் விட வேண்டியிருக்கிறது.

அப்புறம் நிறம். பச்சைப் பட்டாணி வெந்ததும் காக்கியாகிவிடும், ஹாம் மட்டும் இளஞ்சிவப்பாகவே இருக்கும். இலை, காய்களுக்குப் பச்சை நிறம் தரும் குளோரோபிலும், இறைச்சிக்கு நிறம் தரும் ஹீமும் ஏறக்குறைய ஒரே அமைப்பு: நடுவில் ஓர் உலோகத்தைப் பிடித்திருக்கும் வளையம். வேகும்போது குளோரோபில் தன் மக்னீசியத்தை இழக்கிறது. ஹீமில் உள்ள இரும்போ, ஹாமைப் பதப்படுத்தும் நைட்ரைட்டிலிருந்து வரும் நைட்ரிக் ஆக்சைடோடு பிணைந்திருப்பதால் நிறம் நிலைக்கிறது.

மஞ்சள் பட்டாணியில் இந்தச் சிக்கல் இல்லை. முற்றும்போதே அது தன் குளோரோபிலைச் சிதைத்துவிடும். பச்சை வகையால் அது முடியாது. மரபியலின் தந்தை எனப்படும் மெண்டல் 1866இல் வெளியிட்ட கட்டுரையில் எண்ணிக் காட்டிய மஞ்சள், பச்சை விதைகளும் இவையே. ஸ்வீடனில் வியாழக்கிழமை சூப்புக்கு மஞ்சள் பட்டாணிதான். கடுகு விழுதைக் கலந்து குடித்துவிட்டு, பின்னாலேயே பான்கேக் சாப்பிடுவார்கள்.