ஆர்க்கைவல் – காப்பகத் தாள்

இங்க்ஜெட் அச்சுக்கென விற்கப்படும் ஒளிப்படத் தாள்களின் உறைகளில், விலை குறைந்தவை கூடியவை என்ற வேறுபாடின்றி, ‘ஆர்க்கைவல்’ என்ற சொல் காணப்படுகிறது. வாங்குபவர் அதை ‘நூறாண்டு நிற்கும்’ என்று படித்துக்கொள்கிறார். ஆனால் அந்தச் சொல்லில் ஆண்டுக்கணக்கு எதுவும் அடங்கியிருக்கவில்லை. தொடக்கத்தில் அது ஓர் இடத்தின் பெயர்.

கிரேக்க மொழியில் ‘ஆர்க்கே’ என்பதற்குத் தொடக்கம், ஆட்சி என இரு பொருள்கள் உண்டு. அதிலிருந்து ஆட்சியாளரைக் குறிக்கும் ‘ஆர்க்கோன்’ என்ற சொல்லும், அவரது அலுவலகத்தைக் குறிக்கும் ‘ஆர்க்கெய்யோன்’ என்ற சொல்லும் பிறந்தன. அரசுப் பத்திரங்கள் அங்கே வைத்துக் காக்கப்பட்டதால், காலப்போக்கில் இடத்தின் பெயர் பத்திரத் தொகுப்புக்கும் ஆகிவந்து, இலத்தீன், பிரெஞ்சு வழியாக ஆங்கிலத்துக்குச் சென்றது. தமிழின் ‘ஆவணம்’ என்ற சொல்லும் இதைப் போன்ற வழியில் வந்திருப்பது கவனிக்கத்தக்கது: சங்கப் பாடல்களில் கடைத்தெருவையும் குறித்த அச்சொல் பின்னாளில் எழுதப்பட்ட பத்திரத்தையே பெரிதும் குறிக்கலாயிற்று.

இடத்தைக் குறித்த சொல் தாளுக்கு அடைமொழியானதற்குக் காரணம், 19ஆம் நூற்றாண்டில் தாளுக்கு நேர்ந்த கேடு. மோரிட்ஸ் பிரெடரிக் இல்லிக் 1807இல் வெளியிட்ட முறைப்படி, மை ஊறாதிருக்கத் தாளில் பிசினும் படிகாரமும் சேர்க்கப்பட்டன. 1840களுக்குப் பின் கந்தல் துணிக்கு மாற்றாக மரக்கூழ் வந்தது. படிகாரம் ஈரத்தோடு சேர்ந்து அமிலத்தை உண்டாக்கியது. அந்த அமிலம் தாளின் செல்லுலோஸ் இழைகளை அறுக்க, மரத்தின் இழைகளைப் பிணைக்கும் பொருளான லிக்னின் மரக்கூழில் எஞ்சியிருந்து ஒளிபட்டுப் பழுப்பேற, மடித்தால் ஒடியும் நிலைக்கு நூல்கள் வந்தன. ஆவணக் காப்பகங்கள் தங்களுக்கெனத் தனித் தாளைக் கேட்கத் தொடங்கியதன் பின்னணி இதுவே.

இந்தத் தேவையிலிருந்து எழுந்த தரநிர்ணயங்களில் இரண்டைத் தெரிந்துகொண்டால் போதும். ஐஎஸ்ஓ என்ற பன்னாட்டுத் தர அமைப்பிடமிருந்து 1994இல் வந்த ஐஎஸ்ஓ 9706, ‘நிலைத்த தாள்’ எது என்று வரையறுக்கிறது: தாளை நீரில் ஊறவைத்து எடுக்கும் சாற்றில், அமில-காரத் தன்மையைக் காட்டும் பிஎச் அளவு 7.5 முதல் 10 வரை இருக்க வேண்டும். பின்னால் சேரும் அமிலத்தை ஈடுகட்ட, குறைந்தது 2 விழுக்காடு கால்சியம் கார்பனேட்டுக்கு நிகரான காரச் சேமிப்பு வேண்டும். லிக்னின் மிகக் குறைவாக இருக்க வேண்டும். 1996இன் ஐஎஸ்ஓ 11108 தான் ‘ஆர்க்கைவல்’ என்ற பெயரையே சூடியது. அது மேற்கண்ட வேதி நிலைப்போடு, பலமுறை மடித்தாலும் தாங்கும் உறுதியையும் கேட்கிறது. ஆகவே அத்தகைய தாள் பெரும்பாலும் பருத்தி, ஹெம்ப் எனும் கஞ்சாச் செடி வகை, ஆளி ஆகியவற்றின் இழைகளால் ஆனது. இரண்டுமே ஆவணத் தாளுக்கானவை. பூச்சிட்ட ஒளிப்படத் தாளை மனத்தில் வைத்து எழுதப்பட்டவை அல்ல. உறையில் தர எண்ணைக் காட்டாமல் வெறுமனே ‘ஆர்க்கைவல்’ என்று அச்சிட்டிருந்தால், அதை விற்பனைச் சொல்லாகவே கொள்ள வேண்டும் என்பது என் கருத்து. ‘அமிலமற்றது’ என்பது மட்டும் போதாது. லிக்னின் மிகுந்த கூழில் காரம் கலந்தாலும் அமிலமற்ற தாள் கிடைத்துவிடும்.

இங்க்ஜெட் தாளில் அடித்தாள், அதன்மேல் மையை ஏற்கும் பூச்சு என இரண்டு உண்டு. அடித்தாள் முழுப் பருத்தியாகவோ, லிக்னின் நீக்கிய ஆல்ஃபா செல்லுலோஸாகவோ இருந்தால் நல்லது. இவற்றைவிட அதிகம் ஏமாற்றுவது வெண்மையூட்டி. புற ஊதா ஒளியை உறிஞ்சி நீல ஒளியாக வெளிவிடும் இந்தப் பொருள் தாளைப் பளீரெனக் காட்டும். ஆண்டுகள் செல்லச் செல்ல அதன் ஆற்றல் குன்றும்போது, தாள் தன் இயல்பான மஞ்சள் சாயலுக்குத் திரும்பும். மை படாத வெண்பகுதிகளிலும் மெல்லிய நிறங்களிலும் அந்த மாற்றம் முதலில் தெரியும். இருட்டறையில் புற ஊதா கைவிளக்கைப் பிடித்துப் பார்த்தால் உண்மை விளங்கிவிடும்: வெண்மையூட்டி மிகுந்த தாள் நீலமாக ஒளிரும், அது இல்லாத பருத்தித் தாள் மங்கலாகவே கிடக்கும். தாளைத் திருப்பிப் பின்புறத்தையும் பார்க்க வேண்டும். பூச்சில் இல்லாத வெண்மையூட்டி அடித்தாளில் இருக்கக்கூடும்.

தாள் நிலைத்தாலும் படம் நிலைக்கும் என்பதில்லை. ‘ஜிக்ளே’ என்ற பெயர் 1991இல் இங்க்ஜெட் கலை அச்சுக்குச் சூட்டப்பட்டபோது பயன்பாட்டில் இருந்த சாய மைகள் விரைவில் மங்கக்கூடியவையாகவே இருந்தன; கரையாத நிறத்துகள்களைக் கொண்ட பிக்மென்ட் மை வந்த பிறகே நிலைமை மாறியது. நுண்துளைப் பூச்சுள்ள பளபளப்புத் தாளில் சாய மையால் அச்சிட்ட படத்தைச் சட்டமிடாமல் மாட்டினால், வெளிச்சம் குறைவாக இருந்தாலும் காற்றிலுள்ள ஓசோனே நிறத்தைக் கெடுத்துவிடும். உறைகளில் காணும் ஆண்டுக்கணக்கோ, ஒரு மையையும் ஒரு தாளையும் சேர்த்துக் கடும் ஒளியில் வைத்துச் சோதித்து, நாளொன்றுக்கு 12 மணி நேரம் 450 லக்ஸ் ஒளி என்பது போன்ற ஓர் அனுமானத்தின் மேல் கணக்கிட்டுச் சொல்வது. மையை மாற்றினால் அந்த எண் செல்லாது.

ஆகவே தமிழில் ஒரே சொல்லால் எல்லாவற்றையும் குறிப்பது முறையன்று. ‘ஆவணத் தாள்’ என்றால் பத்திரம் எழுதும் தாள் என்ற பொருள் வந்துவிடும். ‘நிரந்தரத் தாள்’ நிறைவேற்ற முடியாத வாக்கைத் தருகிறது. ஐஎஸ்ஓ 9706 குறிப்பதை ‘நிலைத்த தாள்’ என்றும், ஐஎஸ்ஓ 11108 குறிப்பதைக் ‘காப்பகத் தாள்’ என்றும் வழங்கலாம். காப்பதற்குரிய இடம் என்ற மூலப்பொருள் ‘காப்பகம்’ என்பதில் அப்படியே நிற்கிறது. மையும் தாளும் சேர்ந்த படத்துக்கு ‘மங்கா அச்சு’ என்று எழுதுவோரும் உண்டு. ‘நெடுங்கால அச்சு’ என்பதே அடக்கமான சொல் என்பேன்.

‘காப்பகத் தரம்’ என்ற தொடரைச் சட்டத்தினுள் வைக்கும் அட்டைக்கும் ஒட்டு நாடாவுக்கும் தயங்காமல் பயன்படுத்தலாம். ஏனெனில் அவற்றின் தரமும் படத்தைப் பாதிக்கும்: அமிலமுள்ள பின்னட்டையிலிருந்து அமிலம் மெல்ல நகர்ந்து, அதனோடு ஒட்டியிருக்கும் பருத்தித் தாளையும் பழுப்பாக்கிவிடும்.