ஊமைப்படத்தில் எழுத என்ன இருக்கிறது?

திரைப்படச் சங்கங்களுக்கு ஊமைப்படங்களைத் தேர்ந்து அறிமுகக் குறிப்பு எழுதித் தருவது என் வேலை. சங்கத்தார் அச்சடிக்கும் தாளில் இயக்குநர் இருப்பார், நடிகை இருப்பார், சில சமயம் ஒளிப்பதிவாளரும் இருப்பார். எழுதியவர் மட்டும் இருக்கமாட்டார். கேட்டால், "யாருமே பேசவில்லையே, எழுத என்ன இருக்கிறது?" என்பார்கள். செக் நாட்டு ஊமைப்படங்களில் அதற்குப் பதில் இருக்கிறது.

1898இல் பிராக் நகரக் கண்காட்சி ஒன்றில் யான் கிரிஷெனெத்ஸ்கி, லூமியேர் சகோதரர்களின் படமெடுக்கும் கருவியால் எடுத்த படங்களைக் காட்டினார். ஊர்க் காட்சிகளோடு சில குட்டி நகைச்சுவைகளும் அவற்றில் இருந்தன. அவற்றுக்குக் கதை யோசித்து நடித்தவர் யோசெஃப் ஷ்வாப்-மலோஸ்ட்ரான்ஸ்கி என்ற மேடைக் கலைஞர். ஒன்றில் சாசேஜ் விற்பவருக்கும் சுவரொட்டி ஒட்டுபவருக்கும் தகராறு. படச்சுருள் ஒரு நிமிடம்கூட ஓடாது. அதற்குள் ஆளை அறிமுகப்படுத்தி, வம்பை மூட்டி, சிரிக்கவைத்து முடிக்க வேண்டும். கேமராவைத் திருப்பிவைத்தால் தானாக நடந்துவிடுகிற காரியமா இது?

படங்கள் நீண்டபோது வேலையும் கூடியது. தேயா செர்வென்கோவா 1921இல் 'பாபிச்கா' நாவலைப் படமாக்கினார். போஜெனா நியெம்சோவா எழுதிய அந்த நாவல் செக் வீடுகளில் எல்லோரும் அறிந்தது. ஆனால் கதைப்பின்னல் என்று அதில் பெரிதாக ஒன்றும் கிடையாது. ஒரு பாட்டி, பேரக்குழந்தைகள், கிராமத்து நாட்கள், அவ்வளவுதான். எந்த நாளை எடுப்பது, எதை விடுவது, எதை நடிப்பால் காட்டுவது, எதைக் காட்சிகளுக்கு நடுவே திரையில் வரும் எழுத்து அட்டையில் சொல்வது? ஒவ்வொரு அட்டையும் படத்தை நிறுத்திவைக்கிறது. அட்டையைக் குறைக்கத் தெரிந்தவரே நல்ல எழுத்தாளர் என்பது என் கட்சி.

ரோபோ நாடகம் எழுதிய காரெல் சாபெக்கும் 1922இல் 'ஸ்லாத்தீ கிளீச்செக்' படத்துக்கு எழுதினார். அதே பத்தாண்டில் 'வலிமையான நால்வர்' என்று பெயர்பெற்ற குழுவில் இயக்குநர் காரெல் லமாச், நடிகை ஆனி ஓந்த்ரா, ஒளிப்பதிவாளர் ஓட்டோ ஹெல்லர் ஆகியோருடன் நான்காவதாக நின்றவர் திரைக்கதை ஆசிரியர் வாட்ஸ்லாவ் வாசர்மன். ஹிட்ச்காக் படத்தில் நடித்ததால் ஓந்த்ராவை நம்மவர்களுக்குத் தெரியும். வாசர்மனைத் தெரியாது.

எழுதியவர் பெயர் தொலைவதற்குத் தொழில்நுட்பக் காரணமும் உண்டு. பெயர்களைக் காட்டும் தொடக்க அட்டை உட்பட, அட்டைகளைத் தனியாகப் படமெடுத்துப் பிரதியில் ஒட்டுவார்கள். வேறு நாட்டுக்குப் போகும்போது அந்த மொழியில் மாற்றுவார்கள். பிற்காலத்தில் நெகட்டிவ் மட்டும் கிடைத்தால் பல நேரம் அட்டைகளே இருக்காது. தணிக்கை ஆவணங்களையும் பழைய திரைக்கதைத் தாள்களையும் பார்த்து மீட்டெடுக்க வேண்டியிருக்கும்.

ஆகவே, தொடக்க அட்டை புதிதாகச் செய்ததுபோல் தெரிந்தால் அதை மட்டும் நம்பிப் பெயர்களை எழுதாதீர்கள். பிராக்கில் உள்ள தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்தின் இணையப் பட்டியலில் சரிபாருங்கள். இயக்குநரே எழுதியிருந்தால், அந்தப் பெயரைத் 'திரைக்கதை' என்ற வரியில் இரண்டாம் முறையும் அச்சிடுங்கள். தாளில் இடமில்லை என்றால் நடிகையின் படத்தைக் கொஞ்சம் சிறிதாக்கலாம்.