கணினி ஒன்றாக இருக்கலாம், கேம் கணக்கு ஒன்றாக இருக்கக் கூடாது

மலேசியாவின் பேராக் மாநிலத்தில் உள்ள சுங்கை சிப்புட்டில் கணினி பழுதுபார்க்கும் கடை நடத்துகிறேன். டவுனைச் சுற்றியுள்ள தாமான்களிலிருந்தும் (குடியிருப்புப் பகுதிகள்), எல்பில், ஹீவூட் போன்ற தோட்டங்களிலிருந்தும் கணினிகள் வருகின்றன. பெரும்பாலானவை ஒரு குடும்பமே சேர்ந்து பயன்படுத்துபவை. பகலில் அக்காவின் பாலிடெக்னிக் பாடம், மாலையில் தம்பியின் கேம், இரவில் அப்பாவின் பழைய பாட்டு, எல்லாம் அதே பெட்டியில்தான். விசிறியில் தூசு அடைத்துச் சூடேறி நின்றுவிட்டது என்றுதான் கொண்டு வருவார்கள். வேலை நடந்துகொண்டிருக்கும்போது, கூட வந்த பையன் மெதுவாகக் கேட்பான்: "அண்ணே, ஸ்டீம்ல ஒரு கேம் இருக்கு. வீட்ல யாருக்கும் தெரியாம வைக்க முடியுமா?" (ஸ்டீம் என்பது கணினி கேம்களை வாங்கி, இறக்கி, ஆட உதவும் இணையக் கடை.)

தாய்மார்கள் வேறு மாதிரி கேட்பார்கள். "பெரியவன் வாங்கி வச்ச பேய் கேமையெல்லாம் சின்னவன் திறந்து பார்த்துட்டு ராத்திரி தூங்க மாட்டேங்கிறான். அதை மட்டும் மறைச்சுக் குடுங்க தம்பி." இரண்டுமே நியாயமான கேள்விகள். பதினேழு வயதுப் பிள்ளைக்குத் தனக்கென்று கொஞ்சம் இடம் வேண்டும். ஏழு வயதுப் பிள்ளைக்குக் காவல் வேண்டும். ஆனால் இருவருமே ஸ்டீமில் உள்ள 'ஹைட் திஸ் கேம்' என்ற வசதியைத்தான் மனத்தில் வைத்துக் கேட்கிறார்கள். அது இந்த இரண்டில் எதற்கும் உதவாது.

அந்த வசதி என்ன செய்கிறது என்று பார்ப்போம். உங்களிடம் உள்ள கேம்கள் வரிசையாக நிற்கும் நூலகப் பட்டியலில் ஒரு கேமின்மேல் வலது பொத்தானை அழுத்தி, 'மேனேஜ்' என்பதற்குள் போய் மறைத்தால், அது உங்கள் பட்டியலிலிருந்து விலகிவிடும். அவ்வளவுதான். மேலே 'வியூ' என்ற இடத்தில் 'ஹிடன் கேம்ஸ்' என்று ஒரு வரி இருக்கிறது. அதை அழுத்துகிற யாருக்கும் மறைத்தவை அத்தனையும் வரிசையாகத் தெரியும், கடவுச்சொல் எதுவும் கேட்காது. அதுகூட வேண்டாம். டெஸ்க்டாப்பில் அந்த கேமின் சின்னம் அப்படியே இருக்கும். ஸ்டார்ட் மெனுவில் பெயர் இருக்கும். கீழே ஓரத்தில் உள்ள ஸ்டீம் சின்னத்தை வலது பொத்தானால் தொட்டால், அண்மையில் ஆடியவை வரும். அம்மாவின் மின்னஞ்சலை வைத்துக் கணக்கு திறந்திருந்தால், வாங்கிய ரசீது அவர் கைப்பேசிக்கே போய்ச் சேர்ந்திருக்கும். 'ஹைட்' என்பது ஆடி முடித்தவற்றையும் இலவசமாக வந்து சேர்ந்தவற்றையும் கண்ணில் படாமல் ஒதுக்கி வைக்கும் வசதி. ஒழுங்குக்கு நல்லது, காவலுக்கு ஆகாது.

'மார்க் ஏஸ் பிரைவேட்' என்பது இதிலிருந்து வேறு. 2024இல் வந்தது. ஒரு கேமை இப்படிக் குறித்தால், அது உங்களிடம் இருப்பதும், நீங்கள் இப்போது ஆடிக்கொண்டிருப்பதும், எத்தனை மணி நேரம் ஆடினீர்கள் என்பதும் உங்கள் ஸ்டீம் நண்பர்களுக்குத் தெரியாது. வாங்கும்போதே கூடையில் வைத்து இப்படிக் குறிக்கவும் முடியும். ஆனால் இது வெளியாரிடமிருந்துதான் காக்கும். அதே கணக்கைத் திறந்து உட்காரும் உங்கள் தம்பிக்கு எல்லாமே தெரியும்.

ஆக, யாரிடமிருந்து மறைக்க வேண்டும் என்பதை முதலில் தெளிவாக்கிக்கொள்ளுங்கள். வெளியாரா, வீட்டாரா? இரண்டுக்கும் வழி வேறு வேறு.

முதலில் வெளியார். ஒருவர் தன் ஸ்டீம் பக்கத்தில் உண்மைப் பெயரைப் போட்டு, ஊர் என்ற இடத்தில் பேராக், சுங்கை சிப்புட் என்று தேர்ந்தெடுத்திருந்தால், கோலாலம்பூரில் அது பெரிய விஷயமாக இருக்காது. இங்கே அப்படி இல்லை. பெயரும் ஊரும் தெரிந்தால் போதும், சாப்பாட்டுக் கடையில் ஒருவரிடம் விசாரித்தாலே எந்தத் தாமான், யார் மகள், அப்பா எங்கே வேலை செய்கிறார் என்பதெல்லாம் வந்துவிடும். இணைய ஆட்டத்தில் தோற்றுப்போன ஆத்திரத்தில் திட்டத் தொடங்கும் ஒருவன், பக்கத்து ஊர்க்காரனாகவும் இருக்கலாம். பெண் பிள்ளைகளுக்கு நான் இதைத் திரும்பத் திரும்பச் சொல்கிறேன்: பெயர் வேண்டாம், ஊர் வேண்டாம், பள்ளிச் சீருடையில் எடுத்த படம் வேண்டவே வேண்டாம். பெயரை மாற்றிய பிறகும் பழைய பெயர்கள் ஒரு சிறு அம்புக்குறிக்குப் பின்னால் நிற்கும். அந்தப் பட்டியலைத் திறந்து, அதிலேயே உள்ள அழிக்கும் வசதியையும் பயன்படுத்துங்கள்.

'எடிட் புரொஃபைல்' என்பதற்குள் 'பிரைவசி செட்டிங்ஸ்' இருக்கிறது. பக்கம், கேம் விவரம், நண்பர் பட்டியல், இன்வென்டரி (கேமுக்குள் சேர்த்த பொருள்கள்) என்று ஒவ்வொன்றுக்கும் தனித்தனியாக, எல்லாருக்குமா, நண்பர்களுக்கு மட்டுமா, யாருக்கும் வேண்டாமா என்று அமைக்கலாம். 2018 ஏப்ரலில் ஸ்டீம் செய்த மாற்றத்துக்குப் பிறகு, நாமாகத் திறந்துவிடாத வரை கேம் விவரம் எல்லாருக்கும் தெரிவதில்லை. அதை நம்பிப் பலர் நிம்மதியாக இருந்துவிடுகிறார்கள். நண்பர் பட்டியலைத்தான் யாரும் திரும்பிப் பார்ப்பதில்லை. ஒரே ஒரு ஆட்டத்தில் கூட ஆடியவர், முகமே தெரியாதவர், வேலை இடத்துச் சூப்பர்வைசர் எல்லாரும் அதில் இருப்பார்கள்.

தொழிற்சாலையில் ஷிஃப்ட் வேலை செய்யும் ஒரு வாடிக்கையாளர், எம்.சி. (மருத்துவ விடுப்பு) எடுத்த நாளில் படுக்கையில் இருந்தபடி கொஞ்ச நேரம் ஆடினார். உடன் வேலை செய்பவர் பட்டியலில் இருந்தார். மறுநாள் அது வேலை இடம் முழுக்கப் பேச்சாகிவிட்டது. காய்ச்சல் உண்மைதான். காய்ச்சலில் கிடப்பவர் கேம் ஆடக் கூடாது என்று சட்டம் எதுவும் இல்லை. ஆனாலும் அவர் போய் ஒவ்வொருவருக்கும் விளக்கம் சொல்லவேண்டி வந்தது. 'இன்விசிபிள்' என்று வைத்திருந்தால் அவர் இணைப்பில் இருந்ததே தெரிந்திருக்காது. ஆனால் அது மட்டும் போதாது. கேம் விவரம் நண்பர்களுக்குத் திறந்திருந்தால், கடந்த இரண்டு வாரத்தில் எவ்வளவு நேரம் ஆடினீர்கள் என்பது பக்கத்தில் நிற்கும். அதனால் கேம் விவரத்தையும் மூடி வையுங்கள். விவரத்தைத் திறந்து வைத்து, மணிக்கணக்கை மட்டும் மறைக்கவும் அங்கேயே ஒரு கட்டம் இருக்கிறது. கேம் ஆடுவோர் பேசிக்கொள்ளும் டிஸ்கார்டு செயலியை வைத்திருப்பவர்கள் அங்கேயும் போய், ஆடும் கேமின் பெயர் காட்டப்படுவதை அணைக்க வேண்டும். ஸ்டீமில் மூடியது டிஸ்கார்டில் தானாக மூடாது.

இன்வென்டரியை மூடச் சொல்வதற்குக் காரணம் வேறு. விலை உயர்ந்த துப்பாக்கி ஸ்கின் (கேமில் துப்பாக்கியின் தோற்றத்தை மாற்றும் பொருள்) வைத்திருப்பது வெளியே தெரிந்தால் மோசடிக்காரர்கள் தேடி வருவார்கள். "எங்க டீமுக்கு ஒரு ஓட்டு போடு" என்று ஓர் இணைப்பு வரும். அல்லது "தப்பா உன்மேல புகார் குடுத்துட்டேன், சரிசெய்ய இவரிடம் பேசு" என்று வரும். இரண்டும் கடவுச்சொல்லைப் பறிக்கும் வேலை. நண்பர் கணக்கிலிருந்து வந்தால்கூட நம்ப வேண்டாம், அந்த நண்பரின் கணக்கு ஏற்கெனவே பறிபோயிருக்கலாம். வங்கிப் பணமே போய்விட்டால் தாமதிக்காமல் தேசிய மோசடி எதிர்ப்பு மையத்தின் 997 எண்ணுக்கு அழையுங்கள்.

இனி வீட்டார். இதைத்தான் நான் அதிகம் பேச விரும்புகிறேன், ஏனென்றால் கடைக்கு வரும் வீட்டுச் சண்டைகளில் பாதி இதிலிருந்துதான் வருகிறது. அண்ணன் பல மாதம் ஆடிச் சேர்த்த இடத்தில் தம்பி 'நியூ கேம்' அழுத்திவிடுவான். சேமித்தது போய்விடும். அழுகை, அடிதடி, கடைசியில் அப்பா கணினியையே பூட்டி வைத்துவிடுவார். ஒரே பல்துலக்கியை வீடு முழுக்கப் பயன்படுத்துவோமா? கணக்கும் அப்படித்தான், ஆளுக்கு ஒன்று.

"ஆளுக்கு ஒரு கணக்கு என்றால் ஆளுக்கு ஒரு முறை கேம் வாங்கணுமே, ரிங்கிட் என்ன மரத்திலா காய்க்குது?" என்று கேட்பார்கள். தேவையில்லை. 'ஸ்டீம் ஃபேமிலிஸ்' என்ற வசதி 2024 செப்டம்பரில் எல்லாருக்கும் வந்துவிட்டது. ஆறு பேர் வரை ஒரு குடும்பமாகச் சேரலாம். பகிர அனுமதி உள்ள கேம்களை ஒருவர் வாங்கினால் மற்றவர்களும் தங்கள் கணக்கிலிருந்தே ஆடலாம். அவரவர் சேமிப்பு அவரவருக்கு, சாதனைப் பதக்கங்களும் அப்படியே. ஒரு பிரதி இருந்தால் ஒரு நேரத்தில் ஒருவர்தான் அந்த கேமை ஆட முடியும். ஆனால் அண்ணன் ஒன்றையும் தம்பி வேறொன்றையும் ஒரே நேரத்தில் ஆடலாம்.

பெற்றோர் பெரியவராகவும் பிள்ளை சிறுவராகவும் சேர்ந்தால், எந்தெந்த கேம் பிள்ளைக்குத் தெரிய வேண்டும், ஒரு நாளில் எவ்வளவு நேரம், எத்தனை மணிக்கு மேல் கூடாது என்பதையெல்லாம் பெற்றோர் அமைக்கலாம். பிள்ளை ஒரு கேம் கேட்டால் அந்த வேண்டுகோள் பெற்றோருக்கு வரும், பார்த்து வாங்கித் தரலாம். சின்னவனுக்கு 13 வயது ஆகியிருந்தால், பேய் கேம் பிரச்சினைக்கு இதுதான் விடை. சின்னவன் கணக்கில் அது அனுமதிக்கப்படவே இல்லை என்றால் மறைக்க வேண்டிய வேலையே இல்லை.

சேரும் முன்பு சிலவற்றைத் தெரிந்துகொள்ளுங்கள். இது ஒரே வீட்டில் வாழ்பவர்களுக்கான ஏற்பாடு. பள்ளி நண்பனையும் ஈப்போவில் இருக்கும் பெரியம்மா மகனையும் சேர்த்துவிட்டுப் பிறகு நீக்கினால், அவர் சேர்ந்த நாளிலிருந்து ஓராண்டு முடியும்வரை அந்த இடம் காலியாகவே கிடக்கும், வேறு யாரையும் அதில் சேர்க்க முடியாது. விலகிய பெரியவரும் வேறு குடும்பத்தில் சேர, பழைய குடும்பத்தில் சேர்ந்த நாளிலிருந்து ஓராண்டு முடியும்வரை காத்திருக்க வேண்டும். இன்னொன்று, உங்கள் பிரதியை ஆடும்போது குடும்பத்தில் ஒருவர் ஏமாற்று மென்பொருள் போட்டு மாட்டிக்கொண்டால், அந்த கேமில் உங்களுக்கும் தடை வரும். இதைப் பிள்ளைகளிடம் முன்கூட்டியே உட்கார்ந்து பேசிவிடுங்கள்.

ஸ்டீம் ஒப்பந்தப்படி 13 வயதுக்குக் கீழே உள்ளவர் கணக்கு வைத்திருக்க முடியாது. பிறந்த ஆண்டை மாற்றிப் போட்டுத் திறந்து கொடுப்பதை நான் செய்வதில்லை. அந்த வயதுப் பிள்ளைக்கு விண்டோஸில் தனிப் பயனராக ஓர் இடம் அமைத்து, அதற்கேற்ற இரண்டு மூன்று விளையாட்டுகளை மட்டும் வைத்துத் தருகிறேன். பெரியவர்களின் ஸ்டீம் கணக்கில் 'ரிமெம்பர் மீ' கட்டத்தில் குறி இருந்தால் எடுத்துவிடுங்கள். அந்தக் குறி இருக்கும்வரை கடவுச்சொல் இல்லாமலே யாரும் உள்ளே போகலாம். தனிக் கணக்கு திறந்தும் பயனில்லாமல் போவது பல வீடுகளில் இந்த ஒரு குறியால்தான்.

பிள்ளை வளர்ந்த பிறகு பெற்றோர் எவ்வளவு எட்டிப் பார்க்கலாம் என்றும் கேட்கிறார்கள். படிவம் 5 படிக்கும் பையன் என்ன கேம் ஆடுகிறான் என்பதைவிட, இரவு எத்தனை மணிவரை ஆடுகிறான், யாரோடு பேசுகிறான் என்பதைத்தான் நான் கவனிக்கச் சொல்வேன். அவனுக்குத் தெரியாமல் கணக்கைத் திறந்து பார்த்தால் அவன் இன்னொரு கணக்கு திறந்துகொள்வான், அது உங்களுக்குத் தெரியவே தெரியாது.

நூலகத்தை ஒழுங்குபடுத்துவது பெரிய வேலை இல்லை. மலிவு விற்பனையில் வாங்கிக் குவித்தவை நிறைய இருந்தால், 'கலெக்‌ஷன்' உருவாக்கிப் பிரித்து வையுங்கள். 'இப்போது ஆடுவது', 'தம்பியோடு ஆடுவது', 'முடித்தது' என்று மூன்று போதும். வகைவாரியாகப் பிரித்துக்கொண்டே போனால் எங்கே வைத்தோம் என்பதே மறந்துவிடும். அறவே வேண்டாத கேமை அழித்தால் அது கணினியிலிருந்து மட்டும்தான் போகும், பட்டியலில் பெயர் நிற்கும். கணக்கிலிருந்தே நிரந்தரமாக நீக்க 'ஸ்டீம் சப்போர்ட்' பக்கத்தில் அந்த கேமைத் தேர்ந்தெடுத்துக் கேட்கலாம். மறுபடி வேண்டுமென்றால் மறுபடி காசு கொடுக்க வேண்டி வரலாம், யோசித்துச் செய்யுங்கள். வாங்கி 14 நாளுக்குள், இரண்டு மணி நேரத்துக்குக் குறைவாக ஆடியிருந்தால் நீக்குவதைவிடப் பணத்தைத் திரும்பக் கேட்பதே மேல்.

தோட்டத்தில் இன்னும் கைப்பேசி டேட்டாவை நம்பி இருப்பவர்களுக்கு ஒன்று. வீட்டில் இரண்டு கணினி இருந்தால், ஒன்றில் இறக்கிய கேமை மற்றதற்கு வீட்டு வைஃபை வழியாகவே ஸ்டீம் மாற்றித் தரும். 2023 முதல் இந்த வசதி இருக்கிறது. ஐம்பது அறுபது ஜிபியை இரண்டாவது முறை இறக்க வேண்டாம்.

கணக்கு எந்தக் கைப்பேசி எண்ணில் இருக்கிறது என்பதையும் இன்றே பாருங்கள். ப்ரீபெய்ட் எண்ணில் பணம் போடாமல் விட்டால் அந்த எண் செத்துப்போகும், பிறகு வேறொருவர் கைக்கும் போகலாம். அப்பாவின் பழைய எண்ணிலும், யாருக்கும் கடவுச்சொல் நினைவில்லாத மின்னஞ்சலிலும் திறந்த கணக்குகள் அடிக்கடி வருகின்றன. மீட்பதற்கு ஸ்டீம் உரிமைச் சான்று கேட்கும். வாங்கிய ரசீதுகளையும், ஸ்டீமில் பணம் ஏற்றக் கடையில் வாங்கிய வாலட் கார்டுகளையும் படம் எடுத்து வைத்திருந்தால் அப்போது கைகொடுக்கும். கைப்பேசியில், கணக்கைக் காக்கும் 'ஸ்டீம் கார்டு' (Steam Guard) வசதியைப் போட்டதும் அது தரும் மீட்புக் குறியீட்டைக் காகிதத்தில் எழுதி, வீட்டுப் பத்திரங்களோடு வையுங்கள்.

கணினியை என்னிடமோ வேறு கடைக்கோ பழுதுபார்க்கக் கொண்டு போகும் முன் ஸ்டீமிலிருந்து வெளியேறிவிடுங்கள். வேலை முடிந்து சோதித்துப் பார்க்க எனக்கு உங்கள் கணக்கு தேவையில்லை. யாராவது கடவுச்சொல்லைக் கேட்டால் ஏன் என்று கேளுங்கள். கணினியை விற்பதாக இருந்தால், ஸ்டீம் கார்டு பக்கத்தில் எல்லாச் சாதனங்களிலிருந்தும் அனுமதியை நீக்கிவிட்டு, விண்டோஸை முழுதாக அழித்து மீண்டும் போட்டுக் கொடுங்கள். பிளேஸ்டேஷன் என்றால் உங்கள் கணக்கோடு உள்ள பிணைப்பை முதலில் எடுத்துவிட்டு, அதன்பிறகு முழுதாக அழியுங்கள். கணக்கையும் சேர்த்து விற்றால் நல்ல விலை வரும் என்று சிலர் கேட்கிறார்கள். ஸ்டீம் கணக்கை விற்பதும் மாற்றிக் கொடுப்பதும் ஒப்பந்தப்படி கூடாது. அதோடு, உங்கள் மின்னஞ்சலும் நண்பர் பட்டியலும் பழைய உரையாடல்களும் வாங்குபவர் கைக்குப் போகும். அந்த வேலையை என் கடையில் எடுத்துக்கொள்வதில்லை.