ஒரே ஹார்ட் டிஸ்க்கை நம்பாதீர்கள்

கேமரா, எடிட்டிங், டைரக்‌ஷன் மூன்றையும் தாங்களே செய்யும் தம்பி தங்கைகள் இன்று நிறைய. நானும் அப்படித்தான் ஆவணப்படங்கள் எடுக்கிறேன். இந்த வேலையில் ஒரு ஆபத்து உண்டு. எடுத்ததெல்லாம் நம் ஒருவர் கையில்தான் இருக்கும்.

பாலு மகேந்திரா ஒளிப்பதிவு, படத்தொகுப்பு, இயக்கம் மூன்றையும் தானே செய்தவர். அப்படி அவர் செய்த 'வீடு' தேசிய விருது பெற்ற படம். அதன் நெகட்டிவ்வும் 'சந்தியா ராகம்' நெகட்டிவ்வும் இப்போது இல்லை என்று பிற்காலத்தில் அவரே வேதனையோடு சொன்னார். பிலிமுக்கே அந்தக் கதி. அப்போதாவது தியேட்டருக்குப் போன பிரிண்டுகள் என்று சில பிரதிகள் எங்காவது மிஞ்சும். நாம் கார்டிலிருந்து லேப்டாப்பில் போட்டுவிட்டு, உடனே கார்டை ஃபார்மட் செய்துவிடுகிறோம்.

எனக்கும் நடந்தது. வேதாரண்யம் உப்பளத்தில் நான்கு நாள் எடுத்த படம் முழுவதும் ஒரே டிஸ்க்கில் இருந்தது. மேஜையிலிருந்து விழுந்தது, அவ்வளவுதான். டேட்டா மீட்கும் கடையிலும் கையை விரித்துவிட்டார்கள். திரும்பப் போனால் மழை தொடங்கி, பாத்திகளெல்லாம் தண்ணீருக்குள் கிடந்தன. அடுத்த பருவம் வரை காத்திருந்தேன்.

இப்போது இரண்டு காப்பி எடுத்த பிறகுதான் கார்டைத் தொடுவேன். மூன்றாவது காப்பி திருச்சியில் அக்கா வீட்டுக்குப் போய்விடும். தீயோ வெள்ளமோ வந்தால் ஒரே வீட்டில் எத்தனை டிஸ்க் இருந்து என்ன பயன்? காப்பி எடுக்கும்போது செக்சம் சரிபார்க்கும், அதாவது காப்பி அசலைப் போலவே இருக்கிறதா என்று ஒப்பிட்டுப் பார்க்கும் மென்பொருளைப் பயன்படுத்துங்கள். பாதியில் கெட்டுப்போன கிளிப் வெளியிலிருந்து பார்த்தால் நல்ல கிளிப் மாதிரியே இருக்கும். 'ரெய்டு பெட்டி இருக்கிறதே' என்று, பல டிஸ்க்குகளை ஒன்றாக இணைத்த பெட்டியைக் காட்டிச் சிலர் சொல்வார்கள். அது பேக்கப் ஆகாது; தவறுதலாக ஒரு ஃபோல்டரை அழித்தால் அதற்குள் இருக்கும் எல்லா டிஸ்க்கிலும் சேர்ந்தே அழியும். சுழலும் தட்டு இல்லாமல் சிப்பில் சேமிக்கும் எஸ்எஸ்டியை வருடக்கணக்கில் மின்சாரம் கொடுக்காமல் பெட்டியில் பூட்டி வைக்கவும் கூடாது, உள்ளே இருப்பது மெல்ல அழியக்கூடும்.

ஆயுத பூஜையன்று கேமராவுக்குப் பொட்டு வைத்த கையோடு பழைய டிஸ்க் ஒவ்வொன்றையும் போட்டுப் பார்ப்பது என் வழக்கம். போன வருடம் ஒன்றில் டிக் டிக்கென்று சத்தம் வந்தது. அன்று மாலையே அக்காவுக்கு போன் செய்து, அங்கிருந்த டிஸ்க்கை வரவழைத்துப் புதியதில் ஏற்றிவிட்டேன்.