காட்ஸில்லா உடைக்குள் இருந்த மனிதர்

ஜப்பானியப் படங்களில் வரும் ராட்சத மிருகம் காட்ஸில்லாவைத் தெரிந்த அளவுக்கு ஹருவோ நகாஜிமாவை யாருக்கும் தெரியாது. டோஹோ ஸ்டுடியோவில் துண்டு துக்கடா வேடங்களில் நடித்துக்கொண்டிருந்தவர். 'ஏழு சாமுராய்' படத்தில் கொள்ளையர்களில் ஒருவராக வருவார். அதே 1954இல் ரப்பர் உடைக்குள் புகுந்தவர், 1972 வரை 12 படங்களில் காட்ஸில்லாவாக நடந்தார். நடையைப் பிடிக்க உவேனோ மிருகக்காட்சிசாலையில் கரடிகளைக் கவனித்திருக்கிறார். அத்தனை உழைப்பிலும் அவர் முகம் திரையில் தெரியாது. உடைக்குள் அவர் பட்ட பாடும் அப்படித்தான். அந்தக் கஷ்டத்தைப் பற்றித்தான் இங்கே பேச வேண்டியிருக்கிறது.

முதலில் செய்த உடை ஏறத்தாழ 100 கிலோ. மூங்கிலும் கம்பியும் கட்டிய கூட்டின் மேல் ரப்பர். அதைப் போட்டுக்கொண்டு நடக்க முடியவில்லை. இடுப்போடு இரண்டாக வெட்டி, பாதி உடம்பு மட்டும் தெரியும் ஷாட்டுகளுக்கு வைத்துக்கொண்டார்கள். அடுத்த உடை எடை குறைவு, ஆனாலும் பாரம்தான்.

எடையைவிடக் கொடியது சூடு. ராட்சத உருவம் கனமாக அசைவதுபோல் தெரிய, கேமராவை வேகமாக ஓட்டுவார்கள்; அதை வழக்கமான வேகத்தில் திரையிட்டால் அசைவு மெதுவாகத் தெரியும். நொடிக்கு 24 பிரேமுக்குப் பதில் 72 ஓடினால், ஒரு பிரேமுக்கு விழும் வெளிச்சம் மூன்றில் ஒரு பங்காகிவிடும். ஈடுகட்ட மும்மடங்கு லைட் வேண்டும். அவ்வளவு சூடும் உடையின் மேல்தான். உள்ளே வியர்வை கொட்டும், ஆனால் ரப்பருக்குள் காய வழியில்லை. வியர்வை காய்ந்தால்தான் உடம்பு குளிரும். வியர்வை கொட்டினால் மட்டும் போதாது. முதல் படம் முடிவதற்குள் நகாஜிமா 9 கிலோ இளைத்துவிட்டார்.

இன்றும் முழு உடைக்குள் ஆளை அனுப்புகிறவர்கள் ஷாட்டுக்கு முன்னும் பின்னும் அவரை எடை பார்க்க வேண்டும். குறையும் ஒவ்வொரு கிலோவும் கிட்டத்தட்ட ஒரு லிட்டர் வியர்வை. ஒரு கிலோவுக்கு ஒன்றேகால் முதல் ஒன்றரை லிட்டர் வரை, உப்பு கலந்த பானமாக, கொஞ்சம் கொஞ்சமாகக் கொடுங்கள். உடம்பு எடையில் 2 சதவீதத்துக்கு மேல் குறைந்திருந்தால் அன்றைக்கு அடுத்த டேக் வேண்டாம். புதியவரை முதல் நாளே முழு நேரம் நிறுத்தாதீர்கள். உடம்பு சூட்டுக்குப் பழக 7 முதல் 14 நாள் ஆகும்.

அடிக்கடி நடக்கும் தவறு, "முடியலைன்னா கை காட்டுங்க" என்று சொல்லிவிட்டு நகர்ந்துவிடுவது. சூடு தலைக்கேறினால் முதலில் குழம்புவது புத்திதான். கை காட்ட வேண்டும் என்ற நினைப்பே வராது. ஜிப் முதுகில் இருந்தால் அவரால் தானாகக் கழற்றவும் முடியாது. அதனால் கடிகாரம் பார்க்கவும் ஜிப்பைத் திறக்கவும் வேறு வேலை எதுவும் இல்லாத ஒருவர் பக்கத்திலேயே நிற்க வேண்டும். பேரைக் கேட்டால் தடுமாறுகிறாரா, நடை தள்ளாடுகிறதா, உடனே தலைப்பகுதியைக் கழற்றுங்கள். ஜிப் சிக்கினால் கத்தரியால் வெட்டுங்கள், உடை போனால் போகட்டும். ஐஸ் தண்ணீரை உடம்பெங்கும் ஊற்றிக்கொண்டே 108ஐ அழையுங்கள். நினைவு தப்பியவர் வாயில் தண்ணீர் ஊற்றாதீர்கள். ஆம்புலன்ஸ் வரும்வரை உடம்பின் மேல் ஐஸ் தண்ணீர் ஊற்றுவதை நிறுத்த வேண்டாம்.